சொந்த எடையோடு நிற்கும் இடம்

பகலில் கிரிவலம் வருகிறவர்களிடம் நான் முதலில் சொல்வது, வெள்ளை பெயிண்ட் அடித்த ஓரமாக நடங்கள், கால் கம்மியாகச் சுடும் என்பதுதான். என்னிடம் பெல்ட் வாங்காதவர்களுக்கும் சொல்வேன். நல்ல வார்த்தை சொல்வதில் குறைந்துபோக என்ன இருக்கிறது?

நீங்கள் வெளியூரிலிருந்து மாற்றலாகி வந்தவர் போலிருக்கிறது, அதனால் என் வேலையைச் சொல்லிவிடுகிறேன் சார். பெயர் காசியம்மாள். அடி அண்ணாமலையில் லேசு பெல்ட் வாடகைக்கு விடுகிறேன். இடுப்பில் கட்டி, அதிலிருக்கும் திருகை இடப்பக்கம் திருப்பினால் உடம்பின் எடை பாதியாகும், இன்னும் திருப்பினால் கால்வாசியாகும். முட்டி தேய்ந்தவர்கள்கூட மலையைச் சுற்றிவிடுகிறார்கள். ஆனால் எங்கள் ஊர்க் கோயிலுக்குள் நுழைகிறபோது திருகை வலப்பக்கம் முழுதாகத் திருப்பிவிட வேண்டும். சுவாமி முன்னால் சொந்த எடையோடு நிற்பது வழக்கம். வாசலில் திருப்பிவிடுகிறவள் நான்.

தினமும் பெல்ட் கட்டுகிறவர்கள் வீட்டுக்குப் போனதும் கழற்றிவிட்டு நடமாட வேண்டும். இல்லாவிட்டால் சதை இளைத்துவிடும், நெஞ்சுக்கும் வேலை மறந்துவிடும். இதை நான் எல்லோருக்கும் சொல்வேன். மணிவேல் ஐயாவுக்குச் சொல்லவில்லை.

அவர் கட்டட கான்ட்ராக்டர். கல்லுக்குக் கட்டுகிற பெரிய பெல்ட்டுகள் அவரிடம் உண்டு. செங்கம் ரோட்டில் ஒரு விடுதிக்குக் கருங்கல் பலகை ஏற்றியபோது என் மகன் மாறன் அவரிடம், "தையல் பிஞ்சிருக்குதுங்க, கல்லு நடுவுல நடுவுல கனக்குது" என்று சொல்லியிருக்கிறான்.

"இன்னைக்கு ஒரு நாள் தாங்கும்டா. பூப்பறிக்க வந்தவனாட்டம் பயப்படறான் பாரு" என்றாராம். எல்லோரும் சிரித்தார்களாம். கூட வேலை செய்த சுஹைல்தான் என்னிடம் சொன்னான். மாறனும் சிரித்துக்கொண்டே கல்லுக்கு அடியில் போயிருக்கிறான், உயிரோடு வெளியே வரவில்லை. யார் மனதையும் நோகடிக்கத் தெரியாத பிள்ளை.

விசாரணையில் மணிவேல் ஐயா, பையன் பெல்ட்டைச் சரியாகக் கட்டவில்லை என்றார். அப்படியே பதிவானது.

எனக்குக் கோபம் நிற்காது சார். மலையைப் பார்த்தால் தணிந்துவிடும். பங்குனியில் அவர் முட்டி வலியோடு கிரிவலம் வந்தார். என் கடை முன்னால் தயங்கி நின்றார்.

"காசியம்மா, எம்மேல வருத்தமா?"

"அதெல்லாம் இல்லீங்க. உக்காருங்க."

இருப்பதிலேயே நல்ல பெல்ட்டாகப் பார்த்து நானே கட்டிவிட்டேன். "இதையே வீட்டுக்கு எடுத்துட்டுப் போங்க. தூங்கறப்பவும் கழட்டாதீங்க. வலி ஜாஸ்தியானா இன்னும் கொஞ்சம் இடப்பக்கம் திருப்பிக்கங்க. முட்டி ஆறுற வரைக்கும் கோயிலுக்கு அலைய வேணாம்."

அவருக்குக் கல்லைத்தான் தெரியும். கல் எவ்வளவு காலம் லேசாக இருந்தாலும் இளைக்காது.

வாரம் தவறாமல் வேங்கிக்காலில் இருக்கும் அவருடைய புது வீட்டுக்குப் போவேன். அவருக்குப் பிடிக்கும் என்று சுண்டைக்காய் வற்றல் கொண்டுபோவேன். திருகு இறுகாமல் இருக்க எண்ணெய் விடுவேன். போகப் போக அவருடைய சட்டை தோளில் நிற்காமல் சரிந்தது. கெண்டைக்காலைக் காணோம். ஆனாலும் மாடிப்படியில் இரண்டிரண்டாகத் தாவி ஏறிக்காட்டுவார்.

"பாரு சரசு, சின்னப் பையனாட்டம் ஏறுறேன்!"

"ஆமா, அடுத்து உனக்குப் பொண்ணு பாக்க வேண்டியதுதான்" என்பாள் அவர் மனைவி.

மூன்று பேரும் சிரிப்போம். சின்னப் பையன்கள் படியேறும் சத்தம் எனக்குப் பழக்கமானதுதான்.

ஐப்பசிப் பௌர்ணமிக்கு, சுவாமியைப் பார்த்து நாளாச்சு, வாங்க என்று நானே கூப்பிட்டேன். சாயங்காலம் சந்தோஷமாக வந்தார். நாள்பட்டுக் கட்டியவர்களுக்குத் திருகை மெல்ல மெல்லத் திருப்ப வேண்டும். கோயில் வாசலில் நான் ஒரே திருப்பாகத் திருப்பினேன்.

முதலில் முட்டி மடங்கியது, பிறகு குப்புற விழுந்தார். வரிசையில் நின்றவர்கள், சாஷ்டாங்கமாக விழுகிறார் என்று ஒதுங்கி இடம் விட்டார்கள். நான் அவரைப் புரட்டித் தலையை மடியில் வைத்துக்கொண்டேன். மூச்சு பாதியில் நின்று நின்று வந்தது.

"கனக்குது காசியம்மா... திருப்பு..."

"கொஞ்ச நேரம் தாங்கும்ங்க" என்றேன்.

அப்போதுதான் அவர் என் முகத்தைச் சரியாகப் பார்த்தார்.

நான் அவர் மேல் எதையும் ஏற்றவில்லை சார். அது அவருடைய எடை. எத்தனையோ வருஷமாக அவரே சுமந்தது.

மாரடைப்பு என்று எழுதிவிட்டார்களாம். தப்பாக எதுவும் பதிவாகக் கூடாது என்றுதான் நானே உங்களிடம் வந்தேன். சரசு என் கையைப் பிடித்துக்கொண்டு, "கடைசி வரைக்கும் கூடவே இருந்தியேக்கா" என்று அழுகிறாள். அவளிடம் நானே சொல்லிவிடுகிறேன். போலீஸ் போய்ச் சொன்னால் பயந்துவிடுவாள்.

ஒன்று சொல்ல விட்டுப்போயிற்று, அதையும் எழுதிக்கொள்ளுங்கள். கடைசியில் அவருடைய வலது கை தரையோடு ஊர்ந்து இடுப்புக்கு வந்தது. திருகைத் தொட ஒரு விரல் அளவுதான் பாக்கி. அந்தக் கையை நான் மெதுவாக எடுத்து, இடது கையோடு சேர்த்து, நெஞ்சின் மேல் கூப்பினாற்போல் பிடித்துக்கொண்டேன். கொஞ்சம் இழுத்தார். அப்புறம் இழுக்கவில்லை. சந்நிதி வரைக்கும் வந்தவர் கும்பிடாமல் போகக் கூடாது. அவரால் முடியவில்லை, அதனால் நான் உதவினேன்.