விழுவதற்கு முன் நிறுத்திய படம்

பிள்ளைகளே, தென்காசியிலிருந்து குற்றாலம் போகும் பஸ்ஸில் என் முன் சீட்டில் இரண்டு டீச்சர்கள் இருந்தார்கள். ஒருவருடைய போனில் பழைய ஊமைப்படம். கைகளில் இறக்கை கட்டிய ஒருவன் கூரை விளிம்பில் நிற்க, படம் அப்படியே நின்றிருந்தது.

“அவன் விழுததுக்கு முன்னாடியே நிறுத்திட்டேன்” என்றார் போன்காரர்.

“ஏட்டி, எதுக்கு?”

“நாளைக்கு மூணாம் வகுப்புக்குக் காட்டணும். மனுசன் பறக்கப் பாத்த கதை. நம்ம பயலுவ சாரல் காத்துலயே குடையைப் பிடிச்சிக்கிட்டு குதிக்கானுவ. இதைப் பாத்தா மாடியில ஏறிருவானுவ. கால் ஒடிஞ்சா?”

“விழுததை மறைச்சாதான் ஏறுவானுவ. பறந்துட்டான்னுல்லா நெனைப்பானுவ! நீயாவது முழுசாப் பாத்தியா?”

“இல்லட்டி.”

அவர் யோசித்துவிட்டுப் படத்தை ஓடவிட்டார். இறக்கைக்காரன் நேரே வைக்கோலில் விழுந்தான். எழுந்தான். தொப்பியைத் தேடி எடுத்தான். மறுபடியும் கூரைக்கு ஏணி சாத்தினான்.

“ஏட்டி, திரும்ப ஏறுதான்!”

“அய்யய்யோ, நம்ம பயலுவளும் இதத்தான் செய்வானுவ.”

“அப்போ காட்ட மாட்டியா?”

“காட்டுதேன். மொட்டை மாடிக் கதவைப் பூட்டி, சாவியை இடுப்புல சொருகிட்டுக் காட்டுதேன்.”