சாவடியில் அம்மா காய் குடைந்து காட்டியது

என் பெயர் ரஹஃப். வயது பதினான்கு. ஒன்பதாம் வகுப்பு படிக்கிறேன். பாலஸ்தீனத்தின் ஹெப்ரான் பழைய நகரில், இஸ்ரேல் ராணுவத்தின் சோதனைச் சாவடிக்கு உள்பக்கம், மூடிக் கிடக்கும் கடைகளுக்கு மேல் மாடியில் குடியிருக்கிறோம். அம்மாவின் வக்கீல் கேட்டதால், அப்பா தூங்கிய பிறகு குளியலறையில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன்.

கடந்த வியாழக்கிழமை பள்ளி விட்டதும் நானும் அம்மா இப்திசாமும் சாவடிக்கு வெளியே இருக்கும் நுஹா அத்தை வீட்டுக்குப் போனோம். சிறு சுரைக்காய்களைக் குடைந்து அரிசியும் கறியும் அடைப்பதற்கான எங்கள் கம்பி உடைந்திருந்தது. அத்தை தன்னுடையதைக் கொடுத்து, "அண்ணி, போன தடவ வளைச்சுக் குடுத்தீங்க. இந்தத் தடவ நேரா வரணும்" என்றார். அம்மா, "உங்க அண்ணனையே நேராக்கிட்டேன், இதென்ன பெரிசு" என்றார். அதன் பிறகு சந்தையில் காய் வாங்கிக்கொண்டு திரும்பினோம்.

சாவடியில் அம்மாவின் பையைச் சோதனை இயந்திரத்தில் வைத்ததும் மணி அடித்தது. சிப்பாய் கம்பியை எடுத்து மேசையில் வைத்து, "கத்தியா?" என்று எங்கள் அரபு மொழியில் கேட்டார். "கத்தியில்ல தம்பி, காய் குடையறது. உங்க வீட்ல அடைச்ச காய் சாப்பிட்டதே இல்லையா?" என்றார் அம்மா. சிப்பாய்க்குப் புரியவில்லை; இன்னொரு சிப்பாயைக் கூப்பிட்டார். அதன் பிறகு அம்மா, "இரு, காட்டறேன்" என்று சொல்லி, இடது கையில் ஒரு சுரைக்காயை எடுத்து, வலது கையால் மேசையிலிருந்த கம்பியை எடுத்துக் காய்க்குள் செருகினார். உடனே இரண்டு பேர் அவரைக் குப்புறத் தள்ளி முதுகில் முழங்காலை ஊன்றினார்கள். அதன் பிறகு கண்ணைக் கட்டி ஜீப்பில் ஏற்றினார்கள். கீழே கிடந்த அம்மாவின் ஒரு செருப்பை எடுத்துக்கொண்டு நான் வீட்டுக்கு வந்தேன்.

அம்மா குத்துவதற்காகக் கம்பியை ஓங்கியதாக வழக்கில் இருக்கிறது என்று வக்கீல் படித்துக் காட்டினார். அம்மா ஓங்கவில்லை. கம்பி பாதி காய்க்குள் இருந்தது. அந்த வழக்கில் சுரைக்காய் பற்றி ஒரு வார்த்தைகூட இல்லை.

அப்பா ஜவ்தத் எல்லை தாண்டி இஸ்ரேலுக்குள் கட்டட வேலைக்குப் போகிறவர். "எதுவும் பாக்கலன்னு சொல்லிடு கண்ணு. என் அனுமதிச் சீட்டும் போச்சுன்னா தம்பிங்க என்னத்தச் சாப்பிடுவாங்க?" என்று சொல்லி அழுதார்.

பெயர் இல்லாத வாக்குமூலத்தைக் கோர்ட் ஏற்காது என்று வக்கீல் சொல்லிவிட்டார். என் பெயரை மட்டும் தனியாக எழுதவும் முடியாது. எங்கள் வழக்கப்படி அதற்கு அடுத்தே அப்பா பெயர் வரவேண்டும்.

இதில் உள்ளவை நான் பக்கத்தில் நின்று பார்த்தவை. யாரும் சொல்லிக்கொடுத்து எழுதவில்லை.

(ஒப்பம்)
ரஹஃப் ஜவ்தத் குனைபி