நாலு செகண்டு கதவு

இல்லம்மா, மைதீன் பிச்சை நாந்தான். ஆனா அந்த மில்லுப் படத்தப் பத்தி எனக்கு ஒண்ணும் ஞாபகம் இல்ல. இங்க இப்ப கல்யாண வீடியோ, சடங்கு வீடியோ மட்டுந்தான்.

யாரு அனுப்பிச்சா ஒங்கள? யாரும் இல்லையா? எல்லாரும் அப்பிடித்தான் சொல்றாக. இந்த எட்டு வருசத்துல நீங்க நாலாவது ஆளு. பத்திரிகைக்காரன்னு ஒருத்தன் வந்தான், நல்லாப் பேசுனான், டீயெல்லாம் வாங்கிக் குடுத்தேன். பொறவு பாத்தா மில்லுக்காரவுக கார்ல ஏறிப் போறான். நான் வாயத் தொறக்கேனான்னு ஆழம் பாக்க வந்த பய! இந்தக் கடைக் கட்டடமே அவுகளோடதுதான், தெரியும்லா? ஒரு வார்த்த சொன்னா நாளைக்கே சாமானத் தூக்கி ரோட்டுல வச்சிருவாக.

சீவில்லிபுத்தூர்லருந்து பஸ்ல வந்தேங்கிறீக. பஸ் ஸ்டாண்டுலருந்து நடந்து வந்த காலா இது? ஒரு பொட்டுப் புழுதியக் காணோமே.

ஆட்டோவா. சரி, இருக்கட்டும். கோவிச்சுக்கிடாதீக, நம்ம தொழிலு அப்பிடி. மெட்ராஸ்ல பத்து வருசம் டாக்குமெண்டரி எடிட்டரு. நாய்க்குப் படம், பால்கோவாக்குப் படம், தேருக்குப் படம், பருத்திக்குப் படம், நம்ம பக்கத்துல எத எடுத்தாலும் வெட்டி ஒட்ட என்ட்டதான் வரும். ஒரு ஷாட்டுல வலது கையில இருந்த டம்ளரு அடுத்த ஷாட்டுல இடது கையில இருந்தா டக்குனு புடிச்சிருவேன். நீங்க உள்ள வரும்போது அந்தப் பை தோள்ல கெடந்துச்சு. இப்ப மடியில வச்சு இறுக்கிப் புடிச்சிருக்கீக. உள்ள டேப் ரிக்கார்டரா? தொறந்து காட்டுங்க பாப்போம்.

ஓகோ, கோர்ட்டுக் காயிதம். எம்பத்தெட்டுல மில்லுத் தீயில செத்தாகளே ஒம்பது பொம்பளைக, அந்தக் கேசு அப்பீலுக்கு வருதா? பின்பக்கக் கதவு பூட்டிக் கெடந்துச்சா இல்லையா, அம்புட்டுதானே? அதான் மொதக் கேசுலயே முடிஞ்சு போச்சே. தீப்பிடிக்க மூணு மாசம் முன்னால மில்லுல எடுத்த படத்தையே போட்டுக் காட்டுனாக. கதவு ஆவென்னு தொறந்து கெடக்கு, பொம்பளைக கூடையோட வெளிய போறாக, முதுகு மட்டும் தெரியுது. நாலு செகண்டு. கதவு தொறந்துதான் இருந்துச்சு, பதறிப்போய்ச் செத்தாகன்னு தீர்ப்பாயிருச்சு.

ஐயய்ய, அழுவாதீக. வாயிலருந்து அந்த முந்தானைய எடுங்க. செத்த இரு... ஏட்டி, நீ குருவம்மா மகளா?

ஒங்கம்மாவ நேர்ல ஒருநாளும் பாத்ததில்ல தாயி. பேரே கோர்ட்டுல செத்தவுக போட்டோவக் காட்டும்போதுதான் தெரியும். ஆனா எடிட்டிங் மேசையில எரநூறு தடவ பாத்திருக்கேன். சிரிப்பு வந்தா இப்பிடித்தான் முந்தானையால வாயப் பொத்துவா.

கோர்ட்டுல காட்டுன அந்தக் கதவு மில்லுக் கதவு இல்லம்மா. தேவதானத்துல ஒரு குடோன்ல எடுத்தது, அது வேற பொம்பளைக. மில்லுல எடுத்த ஷாட்டுல ஒங்கம்மா கதவத் தள்ளிப் பாக்கா, அசையல, காமிராவப் பாத்துச் சிரிக்கா. பாக்க நல்லால்லன்னு நாந்தான் அத வெட்டிட்டு தேவதானத்த ஒட்டுனேன். அழகா ஒக்காந்துச்சு. யாரும் என்னைய மெரட்டல, தொழில்ல எல்லாரும் செய்றதுதான். தீப்பிடிக்கும்னு யாரு கண்டா?

கோர்ட்டுல கேட்டது ஒண்ணே ஒண்ணு. இந்தப் படத்த எடிட் பண்ணது நீரான்னு. ஆமான்னேன். அதுக்கு மேல அவுக கேக்கல, நான் சொல்லல. ஒரு வாரத்துல மில்லுல கூப்பிட்டு இந்தக் கடைச் சாவியக் கையில குடுத்தாக. வாங்கிக்கிட்டேன், பாவி.

ரோட்டுல வைக்கிறவுக வைக்கட்டும். அந்த அலமாரி மேல பிஸ்கட் டின்னு இருக்கு பாரு, எடு. வெட்டுனேன்னுதான சொன்னேன், தூரப் போட்டேன்னு சொல்லலியே. ஜன்னல்ட்ட போ. உள்ள இருக்குற பிலிம எடுத்து ஓரத்தப் புடி, வெரலு படாம. வெளிச்சத்துல தூக்கிப் பாரு. அம்மா சிரிக்கிறா தெரியுதா? அவ தோளுக்குப் பின்னால கருப்பாத் தொங்குதுல்லா, அதாம்மா பூட்டு.