தார் பட்ட கை

அறுபத்தைந்தில், இந்தி எதிர்ப்புக் கலவரம் நடந்த நாட்கள். அப்போது பஸ் ஓடுவதே அபூர்வம். திண்டுக்கல்லில் சின்னாளப்பட்டி பஸ்ஸுக்காக வரிசையில் நின்றிருந்தேன். எனக்கு முன்னால் தூக்குச்சட்டியோடு நின்ற பெண், பக்கத்தில் இருந்தவளிடம் சொன்னாள்:

"கையைக் கழுவிட்டு வந்திருந்தா எம் புருசன் இந்நேரம் வீட்டுல இருப்பாருக்கா."

"என்னடி சொல்ற?"

"ரயிலடிப் பலகையில இந்தி எழுத்து மேல பயலுக தாரைப் பூசிட்டாங்கள்ல? அதைத் துடைக்க மேஸ்திரி இவரைக் கூலிக்குக் கூட்டிட்டுப் போனாரு. சீமெண்ணெய் ஊத்தித் துடைச்சுட்டு, கையெல்லாம் தாரோட வீட்டுக்கு வந்துக்கிட்டிருந்திருக்காரு. வழியில போலீஸ்காரன் கையைத்தான் பாத்தான்."

"துடைக்கப் போனேன்னு சொல்ல வேண்டியதுதான?"

"சொன்னாரு. அடிச்சு உள்ள தள்ளிட்டாங்க. மேஸ்திரியைக் கேட்டா, இவரு யாருன்னே தெரியாதுங்கிறான்."

பஸ் வந்தது. இருவரும் எனக்கு முன் சீட்டில் உட்கார்ந்தார்கள். கண்டக்டர் டிக்கெட் கிழித்துவிட்டுப் போனதும் மற்றவள் கேட்டாள்:

"ஜெயில்ல போய்ப் பாத்தியா?"

"அங்கருந்துதான் வாரேன். கொண்டுபோன சோத்தை வாங்க மாட்டேன்ட்டாங்க. கூட இருக்கிற காலேஜுப் பயலுக அண்ணே அண்ணேன்னு உசுரா இருக்காங்களாம். தமிழுக்காக அடிபட்டவருன்னு, படுக்கப் பாய்கூட அவங்கதான் குடுத்தாங்களாம்."

"அவங்ககிட்டயாவது நடந்ததைச் சொல்லலாம்ல?"

"நானும் அதைத்தான் கேட்டேன். பின்னால நின்ன அந்தப் பயலுகளை ஒருதரம் திரும்பிப் பாத்துட்டு, 'மெதுவாப் பேசு'ன்னுட்டாரு."