தட்டாங்கோம்பை எட்வர்ட்டுகள்

மலைக்கு வண்டி ரோடு போடாத காலம் அது. அடிவாரத்துல தட்டாங்கோம்பைன்னு ஒரு ஊரு. அந்த ஊர்ல ஒச்சாயின்னு ஒருத்தி இருந்தாளாம். பெத்தா, பொதச்சா. பெத்தா, பொதச்சா. நாலு ஆம்பளப் புள்ள அப்படியே போச்சு. சத்தம் போடாம கேளுங்கப்பா, இது சிரிக்கிற கதை இல்ல.

அஞ்சாவதும் ஆம்பளயாப் பொறந்துச்சு. அப்படித் தங்காத வீட்டுல பொறந்த புள்ளயத் தவிட்டுக்கு வித்துருவாக நம்ம பக்கம். வேற ஒருத்தர் ஒரு படி தவிடு குடுத்துப் புள்ளய வாங்கி, அவுகளே பேரு வச்சு, வளக்கச் சொல்லிப் பெத்தவகிட்டயே குடுத்துருவாக. எமன் தேடி வந்தா, 'இது அவ புள்ள இல்லயே'ன்னு போயிருவானாம். ஆனா ஒச்சாயி புள்ளய வாங்க ஒருத்தரும் வரல. 'நாலு முழுங்குன வயிறு, நமக்கெதுக்கு வம்பு'ன்னு கதவச் சாத்திட்டாக. மனுசங்களா அவுக!

ரோடு அளக்க வந்த வெள்ளக்காரத் தொர ஒருத்தரு ஆத்தங்கரையில கூடாரம் போட்டிருந்தாரு. அவரு குதிரையப் பாத்துக்கிட்டவரு மதார் ராவுத்தர். ஒச்சாயி பச்ச ஒடம்போட நடந்து போயி, புள்ளயத் தொர காலடியில போட்டாளாம்.

"ராவுத்தரே, குதிரைக்கு வைக்கிற தவிட்டுல ஒரு படி குடுத்து இவன வாங்கிக்கிரச் சொல்லுங்க."

தொர பதறிப்போனாரு. ராவுத்தர் வெவரம் சொல்லச் சொல்லக் கேட்டாரு. கேட்டுட்டு அவரே எந்திரிச்சுப் போயி ஒரு படி தவிடு அள்ளியாந்தாரு. "எம் பேரு எட்வர்ட். அதையே இவனுக்கு வைக்கிறேன்"னாரு.

"அப்படின்னா என்ன அர்த்தமாம்?"

"காவக்காரன்னு அர்த்தமாம் தாயி. சொத்தக் காக்கிறவன். அவுக ஊர்ல ராசாமாருக்கே வைக்கிற பேராம்."

ஒச்சாயிக்கு அழுக வந்துருச்சு. வீடு வர்ற வழியெல்லாம் எட்வட்டு, எட்வட்டுன்னு சொல்லிப் பாத்தாளாம். "சொல்லும்போதே வாசல்ல ஒருத்தன் அருவாளோட நிக்கிற மாதிரி இருக்குடி"ன்னு பக்கத்து வீட்டுல பெருமையடிச்சா. புள்ள தங்குச்சு. தவழ்ந்துச்சு. பல்லு மொளச்சுச்சு. அந்தப் பல்லக் காட்ட வீடு வீடாத் தூக்கிட்டு அலஞ்சாளாம்.

அந்தச் சித்திரையில ஆத்தங்கரையில பேதி வந்துச்சு. கூடாரத்துல ரெண்டு கூலியாளு செத்தாக. தொரயும் படுத்துட்டாரு. ஒச்சாயி புருசங்காரன் ஓடியாந்தான்: "அடியே, அவரு போறப்ப அவரு பேரு உள்ளவனையும் இழுத்துட்டுப் போயிருவாரு. பேரத் திருப்பிக் குடு!"

ஒச்சாயி ஒரு படி தவிட்ட மடியில கட்டிக்கிட்டு ஓடுனா. தொர கட்டிலண்டயே போயி நின்னு, "தொர, ஓம் பேரு வேணாம். எம் புள்ளய எனக்கே குடுத்துரு"ன்னு தவிட்டக் கீழ கொட்டுனா. அவரு கண்ணத் தொறந்து என்னமோ முனகுனாரு.

ராவுத்தர் தலையக் குனிஞ்சுக்கிட்டாரு. "பய சொகமான்னு கேக்குறாரு தாயி."

அவ கட்டிலத் தொட்டுக் கும்புட்டுட்டுத் திரும்புனா. அந்தக் கையோட, அந்தச் சேலையோட வீட்டுக்கு வந்து புள்ளயத் தூக்கிப் பால் குடுத்தா. பேதி எப்படிப் பரவும்னு இன்னைக்கு நமக்குத் தெரியும். பாவி மகளுக்கு அன்னைக்கு யாரு சொன்னா?

மூணாம் நாளு புள்ள போயிருச்சு. தொர பொழச்சுக்கிட்டாரு.

நடமாட்டம் வந்ததும் தொர கம்ப ஊனிக்கிட்டு அவ வாசலுக்கு வந்தாராம். "எட்வர்ட் எங்க?"ன்னாரு. "காவல நானே எடுத்துட்டேன் தொர, நானே எடுத்துட்டேன்"னு மண்ணள்ளித் தலையில போட்டுக்கிட்டா. அவரு அங்கேயே ஒக்காந்து அழுதாராம். அப்புறம் கூடாரத்தப் பிரிச்சுப் போயிட்டாரு. அவரு எந்த ஊரு, என்ன ஆனாரு, யாருக்கும் தெரியாது.

பேரா கொன்னுச்சு? இல்லவே இல்ல. ஆனா அவ அப்படித்தான் நம்புனா. அதுக்கப்புறம் அவளுக்குப் புள்ளயே பொறக்கல. ஊருக்குள்ள ஆம்பளப் புள்ள பொறந்தா மொத ஆளாப் போயி நிப்பாளாம். "எட்வட்டுன்னு வையுங்க. வச்சா மாத்தாதீக, என்ன வந்தாலும் மாத்தாதீக"ன்னு புள்ளயப் பாத்து அழுவாளாம். அன்னைக்குக் கதவச் சாத்துனவுகளுக்கு இப்ப மாட்டேன்னு சொல்ல வாய் வரல. காளியம்மன் கோயிலுக்கு நேந்து பெத்த புள்ளைக்கும் எட்வட்டுதான் பேரு.

ஒச்சாயி எம்பது வயசுக்கு மேல இருந்து செத்தா. கொள்ளி வைக்க யாருமில்லயேன்னு ஊருப் பெருசுக யோசிச்சுக்கிட்டு நின்னாக. அப்ப பதினேழு பேரு மொட்டை போட்டு, ஈரத் துண்டோட வரிசையா வந்தானுக. மூத்தவனுக்கு நாப்பது வயசு, கடைசிப் பயலுக்கு ஆறு.

"யாருடா கொள்ளி வைக்கிறது?"ன்னு வெட்டியான் கேட்டானாம்.

"எல்லாரும்தான்"னானாம் மூத்த எட்வட்டு. "ஆத்தா எங்க எல்லாத்துக்கும் அழுதிருக்கால்ல."

இன்னைக்கும் தட்டாங்கோம்பையில புள்ளையில்லாத பொம்பள செத்தா, பங்காளி யாருன்னு தேட மாட்டாக. "போயி ஒரு எட்வட்டக் கூட்டியா"ன்னுதான் ஆளனுப்புவாக.