மேடத்துக்கு வந்த மனு

எங்கள் வீட்டில் மீன் குழம்பு வைப்பது நான்தான். தோகாவில் பதினொரு வருடம் தனியாக இருந்தவனுக்கு அடுப்படி ஒரு பாரமில்லை. பெண்டாட்டியை அடக்கி வைக்கிற ஆள் என்று என்னை யாரும் சொல்ல முடியாது சார். அதை முதலில் எழுதிக்கொள்ளுங்கள்.

ஜெயிக்க மாட்டாள் என்று நினைத்துத்தான் கட்சி என் மனைவி பெபிஷாவுக்கு சீட் கொடுத்தது. அவள் ஜெயித்து எம்.எல்.ஏ. ஆகிவிட்டாள். முதல் வருடம் மேடையில் எனக்கும் நாற்காலி போட்டார்கள். அதிகாரிகள் அவளுக்கு வணக்கம் வைத்துவிட்டு என்னிடம் பேசுவார்கள். ஒருநாள் வடசேரியில் கூட்டம் முடிந்து திரும்பும்போது, “இனி நீங்க மேடைக்கு வரண்டாம், கேட்டியளா. அவங்க என்கிட்ட பேசிப் பழகட்டும்” என்றாள். நான் கோபப்படவில்லை. அலுவலகத் தபாலை மட்டும் பார்த்துக்கொள்கிறேன் என்றேன்.

சட்டசபையில் அவள் எழுந்தால், வீட்டில் சமையல் முடிந்ததா என்று பின்வரிசையில் ஒருவர் கேட்பார், சிரிப்பார்கள். கையில் ஆதாரம் இருந்தால் அவள் பேசப் பேச அந்தச் சிரிப்பு அடங்கிவிடும். இல்லாவிட்டால் பாதியில் உட்கார்ந்துவிடுவாள். அப்படி உட்கார்ந்த வாரங்களில் ரயிலிறங்கி வந்ததும் என் தோளில் சாய்ந்து அழுவாள். மற்ற வாரங்களில் போனில் பேசிக்கொண்டே வீட்டுக்குள் நுழைவாள், என்னைக் கவனிக்கவே மாட்டாள். ஆகவே சில காகிதங்களை அவளிடம் கொடுக்காமல் வைத்தேன். ரோடு, ரேஷன் கடை, இப்படிச் சின்ன விஷயங்கள்தான்.

ஜூன் மாதம் யேசுரத்தினம் என்கிற மீனவர் வந்தார். துறைமுக வாயிலில் அலைதடுப்புச் சுவரின் கற்கள் சரிந்து பாதை அடைபட்டிருந்தது. போட்டோக்களோடு மனு எழுதியிருந்தார்.

“இத மேடத்துக்க கையில குடுக்கணும். தடைக்காலம் முடியுததுக்குள்ள கல்ல எடுக்கல்லேண்ணா, கடலுக்குப் போற போட்டு திரும்பி வராது.”

முத்திரை குத்தி ரசீது கொடுத்தேன். மனு நான் தோகாவிலிருந்து கொண்டுவந்த பெட்டிக்குள் போனது. சட்டசபையில் மீன்வளத்துறை விவாதம் அடுத்த வியாழக்கிழமை. சென்னையிலிருந்து பெபிஷா கூப்பிட்டு, துறைமுகத்துக்காரர்கள் ஏதாவது தந்தார்களா என்று கேட்டாள். ஒன்றும் வரவில்லை என்றேன். அந்த வாரம் வந்து வெகுநேரம் அழுதாள். நான் தலையைத் தடவிக்கொண்டிருந்தேன்.

தடைக்காலம் முடிந்து ஆகஸ்ட் முதல் தேதி படகுகள் போயின. மறுநாள் திரும்பும்போது துறைமுக வாயிலில் ஒரு படகு கவிழ்ந்தது. ஐந்து பேர் செத்தார்கள். யேசுரத்தினமும் அவர் மகன் பெனினும் அதில் இருந்தார்கள். பெனினின் உடல் கிடைக்கவில்லை. கடற்கரையில் யேசுரத்தினத்தின் மனைவி வியாகுலம்மாள் ரசீதை பெபிஷாவிடம் நீட்டினாள்.

“அவரு தந்த பேப்பர நீ வாசிச்சியா மக்கா?”

அலுவலக ஊழியர்கள்மேல் பழிபோட்டிருக்கலாம். அவர்கள் தொலைத்திருப்பார்கள் என்று நானும் சொன்னேன். அவள் கேட்கவில்லை. மனு தன் அலுவலகத்துக்கு வந்திருக்கிறது, பொறுப்பு தனக்குத்தான் என்று டிவிக்காரர்களிடம் சொல்லிவிட்டு ராஜினாமா செய்தாள். இடைத்தேர்தலில் கட்சி ஓர் ஆணை நிறுத்தியது. பெண்ணுக்குக் கொடுத்தால் இப்படித்தான் ஆகும் என்று அவர்கள் பேசிக்கொண்டதாகக் கேள்வி.

அதற்குப்பின் அவள் வெளியே போகவில்லை. போன் அடித்தால் எடுப்பதில்லை. நான்தான் எண்ணெய் தேய்த்துத் தலை சீவிவிடுவேன். எங்கள் கல்யாண வாழ்க்கையில் நல்ல மாதங்கள் என்றால் இந்த எட்டு மாதங்களைத்தான் சொல்வேன்.

நேற்று ஏதோ சான்றிதழ் தேடி என் பெட்டியைத் திறந்திருக்கிறாள். நான் உள்ளே போனபோது மனுவும் அந்தப் போட்டோக்களும் கட்டிலில் வரிசையாக இருந்தன.

“ஆளு சாவும்ணு தெரிஞ்சா வச்சீங்க?” என்று கேட்டாள்.

தெரியும் என்றேன். உங்களிடமும் அதையே சொல்கிறேன். மனுவை இரண்டு தடவை வாசித்தேன். படகுகள் போகிற தேதியும் தெரியும். தெரிந்தேதான் மறைத்தேன்.

அவள் ஸ்டேஷனுக்கு வெளியே பெஞ்சில் இருக்கிறாள் என்றீர்கள். வாக்குமூலத்தில் கையெழுத்துப் போட்டதும் நான் அவளை வீட்டில் கொண்டுபோய் விட்டுவிட்டு வரட்டுமா சார்? நான் இல்லாமல் எங்கேயும் போய் அவளுக்குப் பழக்கமில்லை.