இடுப்பளவு

இல்லம்மா, அவசரம்னு சொன்னது காதுல விழுந்துச்சு. திங்கக்கிழமை மீட்டிங்கு, உங்க வீட்டுக்காரரு இந்த பேண்ட்டைத்தான் போட்டுட்டுப் போகணும், அதுவும் சரி. உக்காருங்களேன் முதல்ல. ஸ்டூல் மேல கிடக்கிற கர்ட்டனைத் தூக்கி இந்தப் பக்கம் போடுங்க. பரவால்ல, அது ஏற்கெனவே மூணு வீடு பாத்த துணி, நீங்க தொட்டு ஒண்ணும் கெட்டுப்போயிடாது.

சட்டையை முடிச்சுக் குடுத்துடறேன், பத்து நிமிஷ வேலை. காலரைப் பாருங்க, கழுத்துல உரசி உரசி மேல்பக்கம் நைஞ்சுபோச்சு. அடிப்பக்கம் அப்படியே புதுசு. எல்லாச் சட்டையும் இப்படித்தான், ஒரு பக்கம் உழைக்கும், ஒரு பக்கம் சும்மா உக்காந்திருக்கும். பிரிச்சு, அடியை மேல திருப்பி வச்சுத் தச்சோம்னா இன்னும் மூணு வருஷத்துக்குக் கவலையில்ல. யாராவது கண்டுபிடிச்சாங்கன்னா நான் இந்த மெஷினை மூடி வச்சுடறேன்.

பெட்ஷீட்டும் அப்படித்தான். நடுவுலதான் தேயும். நடுவுல ரெண்டா கிழிச்சு, ஓரம் ரெண்டையும் சேத்து நடுவுல வச்சு மூட்டிட்டா புதுப் பெட்ஷீட்டு. கீழ்வீட்டு டீச்சரோட கவுனு அவங்க பொண்ணுக்குப் பாவாடையாச்சு, அப்புறம் தலகாணி உறையாச்சு, இப்ப பாருங்க, என் மெஷினுக்கு எண்ணெய் துடைக்குது. துணிக்குச் சாவே கிடையாதுனு ஜம்பம் அடிச்சுட்டுத் திரிஞ்சவ நான்.

பேண்ட்டா? வரேன், வரேன். அதுக்குத்தான் நோட்டைத் தேடறேன். அளவு நோட்டு. வர்றவங்க எல்லாருக்கும் தேதி போட்டு எழுதி வச்சுடுவேன். ம், இதோ. முதல் தடவை நீங்க கொண்டுவந்தது பள்ளிக்கூடம் திறந்த வாரம். முப்பத்தெட்டு இருந்ததை முப்பத்தாறரை ஆக்கிக் குடுத்தேன். அடுத்தது மழை ஆரம்பிச்சப்ப. முப்பத்தஞ்சு. இன்னைக்கு நீங்க ஊக்கு குத்தியிருக்கிற இடத்துல டேப்பை வச்சா முப்பத்திமூணு வருது. நாலு மாசம்மா. அஞ்சு இஞ்சு.

ஓடுறாரா காலைல? ஜிம்முக்குப் போறாரா? சரி, சாப்பாட்டைக் குறைச்சுட்டாரா? ஓ, பசிக்கலைனு சொல்றாரா. பாதியிலயே தட்டைத் தள்ளிடறாரா. அதுக்குப் பேரு குறைக்கிறது இல்லம்மா.

டென்ஷனா. ஆமா, டென்ஷன்னு ஒண்ணு இருக்கே, எல்லாப் பாத்திரத்துக்கும் சரியா உக்கார்ற ஒரே மூடி.

சிரிக்கிறீங்க. தொப்பை போயி, கல்யாணத்தப்ப இருந்த மாதிரி ஆயிட்டாருனு உங்களுக்குச் சந்தோஷம். தப்பில்ல. நானும் அதேதான் சொன்னேன், என்ன, புது மாப்பிள்ளை மாதிரி இருக்கீங்கனு. அறுபதை நெருங்கற மனுஷன், வெக்கத்துல முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கிட்டாரு.

யாருகிட்டயா? எங்க வீட்டுக்காரருகிட்டதான். அவரு போயி ஒம்பது மாசமாச்சு. இருங்க, இருங்க, ஐயோனெல்லாம் சொல்லாதீங்க. எனக்கு ஒண்ணும் ஆகாது. அழமாட்டேன். அழுகைனு ஒண்ணு வரவே இல்ல இன்னும். மக திட்டறா, என்னம்மா இப்படிக் கல்லு மாதிரி உக்காந்திருக்கேனு. கல்லுதான் போல. எந்திரிக்கறேன், கடையைத் திறக்கறேன், ஊசில நூலைக் கோக்கறேன். குழம்புல உப்பு இல்லைனு மக சொன்னாத்தான் தெரியுது. நடுவுல ஒரு நாள் விரல்ல மெஷின் ஊசி ஏறிடுச்சு, வலிக்கும்னு பாத்துக்கிட்டே இருந்தேன்.

தபால்காரரு அவரு. நாள் முழுக்க நடைதான். இளைச்சா நடந்து இளைச்சிருக்காருனுதானே நினைப்போம்? ஒரு நாள் வந்து, பேண்ட்டு லூசா இருக்கு, கொஞ்சம் பிடிச்சுக் குடுன்னாரு. டேப்பை எடுத்தேனானா, எடுக்கல. டேப்பு, நோட்டு எல்லாம் வெளியாளுக்குத்தான், வீட்டு ஆளுக்கு எதுக்கு? அவரு பாட்டுக்கு நின்னு பல்லு விளக்கிட்டிருப்பாரு. நான் பின்னால போயி இடுப்புத் துணியைக் கிள்ளிப் பிடிச்சு ஒரு ஊக்கு குத்துவேன். அவ்வளவுதான் அளவு. முப்பது வருஷக் கையாச்சே. கைக்குத் தெரிஞ்சது தலைக்குப் போகல. டேப்பைப் போட்டிருந்தா நம்பர் கண்ணுல பட்டிருக்கும். இப்ப உங்களுக்குப் படிச்சேனே, அந்த மாதிரி ஒரு நாள் எனக்கும் படிச்சிருக்கலாம்.

ஒரு மாசம் கழிச்சு மறுபடி லூசுன்னாரு. மறுபடி பிடிச்சேன். ஒண்ணு சொல்றேன், ரெண்டு இஞ்சுக்கு மேல பிடிச்சா பின் பாக்கெட்டு ரெண்டும் பக்கத்துல பக்கத்துல வந்து ஒட்டிக்கும். பாத்தாலே தெரியும், இது யாரோ பெரிய ஆளோட பேண்ட்டுனு. பாதிப் பேரு அதோட விட்டுடுவாங்க. நான் விடுவேனா? பாக்கெட்டையே பிரிச்சு நகத்தி வச்சேன். தொடையைப் பிடிச்சேன். சட்டையில தோளை ஏத்தி, பக்கத்துத் தையலை உள்ள தள்ளினேன். கண்ணாடி முன்னாடி நின்னாருன்னா ஆளு அச்சுல வார்த்த மாதிரி இருப்பாரு. பெல்ட்டு போடுறவரா இருந்தாலாவது ஓட்டை ஓட்டையா உள்ள போறது தெரியும். நான் தச்சதுக்குப் பெல்ட்டு எதுக்குனு அவரு அதைக் கழட்டிப் போட்டு வருஷக்கணக்காச்சு.

ஆபீஸ்ல வேற புது யூனிஃபார்ம் தரோம், அளவு குடுக்க வாங்கனு கூப்பிட்டாங்க. எதுக்கு, பழசே புதுசாட்டம் இருக்கேனு நான்தான் தடுத்தேன். போயிருந்தா எவனாவது ஒருத்தன் டேப்பைச் சுத்திப் பாத்துட்டு, என்ன சார் பாதியா ஆயிட்டீங்கனு கேட்டிருப்பான். கண்டுபிடிச்சப்ப நெஞ்சு பூரா பரவியிருந்துச்சு. அதுக்கப்புறம் ஆறு வாரம்.

அவரு போனப்புறம் அந்த பேண்ட்டை ஒரு நாள் பிரிச்சேன், கடைக்குப் பை தைக்கலாமேனு. எனக்குத் துணியை வெட்டிப் போடற பழக்கம் கிடையாது, உள்ளயே விட்டுடுவேன், நாளைக்கே ஆளு பெருத்தா இறக்கிக்கலாம்ல. உள்ள அஞ்சு வரிசைத் தையல் இருந்துச்சு. ஒவ்வொண்ணா பிரிச்சுட்டு விரிச்சுப் போட்டா பழைய அளவுக்கே வந்துடுச்சு. அன்னைக்கும் எனக்கு ஒண்ணும் வரல. பையைத் தச்சுட்டு சமைக்கப் போயிட்டேன்.

ஏம்மா எந்திரிச்சுட்டீங்க? வேற கடையா? தெருமுனையில ஒருத்தரு இருக்காரு, நல்லாவே தைப்பாரு. குடுத்தா ஒரு மணி நேரத்துல முடிச்சுக் குடுத்துடுவாரு, ஒரு கேள்வி கேக்கமாட்டாரு. அதான் எனக்குப் பயம். மத்ததுக்கெல்லாம் பயம் போயிடுச்சு, இது ஒண்ணு மட்டும் மிச்சம் இருக்கு.

இந்தாங்க சட்டை, காலரைத் தடவிப் பாத்துக்கோங்க. இந்தாங்க பேண்ட்டு. ஊக்கை மட்டும் எடுத்திருக்கேன், இடுப்பைத் தொடல, தொடவும் மாட்டேன். அப்படியே போட்டுட்டுப் போகச் சொல்லுங்க. நழுவட்டும். மீட்டிங்குல ஏத்தி ஏத்தி விட்டுக்கட்டும். நாலு பேரு பாத்து, என்னப்பா இதுனு கேக்கட்டும். போன மானம் திரும்ப வந்துடும். அன்னைக்குச் சாயங்காலமே அவரைக் கூட்டிட்டு ஆஸ்பத்திரிக்குப் போங்க. இந்தச் சீட்டுல மூணு தேதியும் மூணு அளவும் எழுதியிருக்கேன், அதை டாக்டருகிட்டக் குடுங்க. ஒண்ணுமில்லைனு சொல்லிட்டாருனா ஓடியாங்க, அன்னைக்கே தச்சுத் தரேன். வாயாடி, வீணா வயித்துல புளியைக் கரைச்சேனு நாலு வார்த்தை திட்டிட்டுப் போங்க, வாங்கிக்கறேன்.

எதுக்குச் சீட்டா? டாக்டரு எப்படியும் கேப்பாரு, எடை குறைஞ்சிருக்கா, துணியெல்லாம் லூசாகுதானு. ஆம்பளைங்க வாயைத் திறந்து சொல்லமாட்டாங்க. எங்களையும் கேட்டாரே. கடைசில கண்டுபிடிச்சாங்கனு சொன்னேன்ல, அதுக்கு மூணு மாசம் முன்னாடியே ஒரு தடவை போயிருந்தோம், இருமல் நிக்கலைனு. இதை நான் மககிட்டக்கூடச் சொன்னதில்ல. போடற துணி எதுவும் தொளதொளனு ஆச்சா சார்னு டாக்டரு கேட்டாரு. இவரு இடுப்புல கட்டைவிரலை விட்டுப் பாத்தாரு. விரல் போகல. அதெல்லாம் இல்ல டாக்டர், எல்லாம் கரெக்டா இருக்கு, என் பொண்டாட்டி டெய்லருன்னாரு. டாக்டரும் சிரிச்சுட்டு, இருமலுக்கு மருந்து எழுதிக் குடுத்து அனுப்பிட்டாரு. நான் பக்கத்து நாற்காலியிலதான் உக்காந்திருந்தேன். அந்த நேரத்துல எனக்குப் பெருமையா இருந்துச்சும்மா.